அலை இல்லாத இடம்

அந்த இடத்தைக் காட்டியது நான்தான். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கடைசியில் சொல்லிக்கொள்ளலாம் என்று வைத்தால், மறுபடியும் சொல்லாமலே விட்டுவிடுவேனோ என்று பயமாக இருக்கிறது. நாலு மாதம் அப்படித்தான் விட்டிருந்தேன்.

எங்கள் வீட்டில் நீச்சல் தெரிந்த பெரிய ஆள் நான் ஒருத்திதான். என் கணவர் சங்கரன்கோவிலில் தேரடிப் பக்கம் பிறந்து வளர்ந்தவர். தறிக்கு உதிரி சாமான் விற்கிற கடை வைத்திருக்கிறார். தெப்பக்குளத்தின் படியில் இறங்கினாலே கைப்பிடி தேடுவார். நான் மேலநீலிதநல்லூருக்குத் தள்ளி, அப்பாவின் தோட்டத்துக் கிணற்றில் முதுகில் எண்ணெய் டின்னைக் கட்டிக்கொண்டு நீச்சல் பழகினவள். கல்யாணமான புதிதில் எல்லாரும் தோட்டத்துக்கு வந்தபோது, கிணற்றின் மேல்படியிலிருந்து நான் குதித்ததைப் பார்த்து மாமியார் வீட்டுக்காரர்கள் வாயைப் பிளந்துவிட்டார்கள். அன்றிலிருந்து தண்ணீர் சம்பந்தப்பட்ட எல்லாவற்றுக்கும் என்னைக் கேட்பது வழக்கமாயிற்று. குற்றாலத்தில் எந்த அருவியில் குளிக்கலாம், ஆற்றில் எதுவரை இறங்கலாம், எல்லாம் நான் சொல்வதுதான். அதில் எனக்கு ஒரு பெருமையும் இருந்தது. இயற்பியலில் பட்டம் வாங்கியபோது இல்லாத பெருமை அது.

மகளுக்கு ஏழு வயதில் அதே கிணற்றில் நீச்சல் சொல்லிக் கொடுத்தேன். டின்னுக்குப் பதில் வெள்ளை பிளாஸ்டிக் கேன். எனக்குச் சொல்லப்பட்ட இரண்டு விஷயங்களை அவளுக்கும் சொன்னேன். பெரிய பிள்ளைகள் குதிக்கிற பக்கம் தண்ணீர் அலம்பும், அங்கே போகாதே. அசையாமல் கிடக்கிற மூலையில் நில். மூச்சு முட்டினால் சுவரைப் பார்த்து வா. எந்தப் பக்கம் போனாலும் சுவர் வரும்.

கிணற்றைப் பொறுத்தவரை இரண்டும் சரிதான்.

சென்ற கோடை விடுமுறையில், நாத்தனாரின் சின்ன மகளுக்குத் திருச்செந்தூரில் மொட்டை போடுவதாக நேர்ச்சை. குழந்தைக்கு ஆறு வயது. நாங்கள் மூன்று பேர், நாத்தனாரும் அவள் மகளும், வேன் டிரைவர். அவள் வீட்டுக்காரர் வெளியூரில் வேலை. விடிவதற்குள் கிளம்பி, மொட்டை போட்டு, வரிசையில் நின்று கும்பிட்டு வெளியே வந்தபோது மணி பத்தைத் தாண்டிவிட்டது. கோயில் கடற்கரையில் கால் வைக்க இடம் இல்லை.

“அண்ணாச்சி, தெக்க கொஞ்ச தூரம் போனா ஒரு எடம் இருக்கு. ஆளே இருக்காது” என்றார் டிரைவர். கூட்டம் என்றாலே ஆகாத என் கணவருக்கு அதைவிட வேறு என்ன வேண்டும்?

அது ஒரு மீன்பிடி ஊரின் ஓரம். பெயரைச் சொல்லப்போவதில்லை, அந்த ஊர்மேல் எந்தக் குறையும் இல்லை. பத்துப் பதினைந்து படகுகள் மணலில் ஏற்றி வைக்கப்பட்டிருந்தன. நைட்டிக்கு மேல் துண்டு போட்ட ஓர் அம்மா பழைய வலையை விரித்து அதன்மேல் நெத்திலி காயப் போட்டுக்கொண்டிருந்தார். அவரைத் தவிர ஆளே இல்லாத கடற்கரை. நாத்தனார் வேனிலிருந்து பாயையும் சாப்பாட்டுத் தூக்கையும் இறக்கிவிட்டு வழக்கம்போல என்னைப் பார்த்தாள்.

“எங்கன போடணும்னு சொல்லுங்க மதினி.”

நான் கடலைப் பார்த்தேன். இடது பக்கம் அலை ஆள் உயரத்துக்கு எழுந்து வெள்ளையாக உடைந்தது. வலது பக்கமும் அப்படியே. இரண்டுக்கும் நடுவில், ஒரு தெருவின் அகலத்துக்கு, அலையே இல்லை. தண்ணீர் அங்கே கொஞ்சம் கருத்து, சிலுசிலுவென்று, ஆனால் உடையாமல் கிடந்தது. எனக்கு உடனே எங்கள் கிணற்றின் மூலை ஞாபகம் வந்தது.

“இங்கனதான். அலையே இல்ல பாரு. பிள்ளையளுக்கு ஏத்த எடம்” என்றேன்.

“நமக்குன்னு ஒதுக்கி வச்ச மாதிரில்லா இருக்கு!” என்றாள் நாத்தனார்.

பாயை விரித்துக்கொண்டிருக்கும்போது அந்தக் கருவாட்டம்மா கையை ஆட்டிக்கொண்டு வந்தார். “தாயி, இதுல எறங்காதிய. குளிக்கணும்னா அந்தப் பக்கம் போங்க” என்று, அலை அடிக்கிற பக்கத்தைக் காட்டினார்.

எனக்குச் சிரிப்பு வந்தது. அலை அடிக்கிற பக்கம் போய்ப் பிள்ளைகளைக் குளிப்பாட்டச் சொல்கிறாரே என்று. அடுத்த நொடியே, தன் மீனுக்குப் பக்கத்தில் ஆள் நடமாட்டம் வேண்டாம் என்றுதான் நம்மை விரட்டுகிறார் என்று எனக்குப் புரிந்துவிட்டது போலத் தோன்றியது.

“ஒங்க மீன மிதிக்க மாட்டோம்மா. பாத்து நடந்துக்கிடுதோம்” என்றேன்.

அவர் என்னை ஒரு முறை பார்த்தார். “மீனுக்கு என்ன வந்துச்சு” என்று முணுமுணுத்துக்கொண்டே திரும்பிப் போய்விட்டார்.

மகளுக்குப் பதிமூன்று வயது. இடுப்பளவு தண்ணீரில் போய் நின்று, “அம்மா, கிணறு மாதிரியே இருக்கு!” என்று கத்தினாள். என் கணவர் பேண்ட்டை முழங்கால் வரை சுருட்டிக்கொண்டு கரையில் நின்று போட்டோ எடுத்தார். மகள் வந்து, சந்தனம் பூசிய மொட்டைத் தலைக் குழந்தையைத் தூக்கிவைத்துக்கொண்டு அவருக்காக ஒரு முறை சிரித்தாள். பிறகு குழந்தையை என்னிடம் விட்டுவிட்டு மறுபடியும் இறங்கினாள். நான் குழந்தையின் தலையில் சொம்பால் கடல் தண்ணீரை மொண்டு ஊற்றினேன். அது கரிக்கிறது என்று அழுதது. அழுகையை நிறுத்த, தூக்கைத் திறந்து ஒரு முட்டையை எடுத்துக் கொடுத்தேன். புளிச்சோறு நன்றாக இருக்கிறதா என்று ஒரு விரலில் எடுத்து வாயில் போட்டுப் பார்த்தேன்.

நிமிர்ந்தபோது மகளின் தலை நான் விட்ட இடத்தில் இல்லை. வெகு தள்ளி இருந்தது.

“ஏட்டி, ஒம் மகளப் பாரு, கடல்லயும் கிணத்து நீச்சல் அடிக்கா!” என்று கணவர் சிரித்தார். நாத்தனார் கைதட்டினாள்.

அவள் எங்களைப் பார்த்துத்தான் நீந்திக்கொண்டிருந்தாள். கை மாறி மாறி விழுந்தது. நான் சொல்லிக்கொடுத்தபடி, சுவரைப் பார்த்து வருகிறாள். ஆனால் ஒவ்வொரு வீச்சுக்கும் அவள் முகம் சின்னதாகிக்கொண்டே போனது. கரையைப் பார்த்து நீந்துகிற பிள்ளை கடலுக்குள் போய்க்கொண்டிருக்கிறது. அதை நான் பார்க்கிறேன். என்னோடு நின்று பார்க்கிற இரண்டு பேர் சிரிக்கிறார்கள்.

குழந்தையை மணலில் விட்டுவிட்டுத் தண்ணீருக்குள் ஓடினேன். இடுப்பளவு போனதும் காலுக்குக் கீழே மணல் கரைந்து ஓடியது. சுடிதாரின் கீழ்முனையை யாரோ பிடித்து, அவசரம் இல்லாமல், ஆனால் விடாமல் இழுப்பது போல இருந்தது. அப்போதுதான் தெரிந்தது. மேலே அமைதியாகக் கிடந்த அந்தத் தண்ணீர் கீழே முழுவதுமாக ஓடிக்கொண்டிருந்தது.

எனக்குப் பின்னால் ஒரு சத்தம். கருவாட்டம்மா கரையோரமாக, வலது பக்கமாக ஓடிக்கொண்டே, இரண்டு கையையும் பக்கவாட்டில் வீசிக் கத்திக்கொண்டிருந்தார்.

“பிள்ள! கரையப் பாத்து வராத! இந்தப் பக்கம் வா! அலைக்குள்ள வா, அலைக்குள்ள!”

மகளுக்கு அது எவ்வளவு கேட்டதோ தெரியாது. அந்தக் கையின் வீச்சு புரிந்திருக்க வேண்டும். அவள் திரும்பினாள். கரையை விட்டுவிட்டு, கரைக்கு இணையாக, அந்த அம்மா ஓடுகிற திசையிலேயே நீந்தினாள். கொஞ்ச நேரம் நீந்தாமல் மல்லாந்து கிடந்தாள். அந்தக் கொஞ்ச நேரத்தைப் பற்றி எழுத எனக்கு இன்னும் தைரியம் வரவில்லை. பிறகு ஒரு வெள்ளை அலை எழுந்து அவளைப் புரட்டி முன்னால் தள்ளியது. அடுத்தது இன்னும் கொஞ்சம். பிள்ளைகளுக்கு ஆகாது என்று நான் பயந்து விலக்கி வைத்த அந்த அலைகள்தான் அவளைக் கொண்டுவந்து முழங்காலளவு தண்ணீரில் போட்டன.

நான் எப்படிக் கரையேறினேன் என்று நினைவில்லை. ஓடிப்போய் அவளைத் தூக்கி நிறுத்தினேன். இருமி, உப்புத் தண்ணீரைத் துப்பினாள். கண்ணெல்லாம் சிவந்திருந்தது. கணவரும் நாத்தனாரும் குழந்தையும் வந்துசேர்ந்தார்கள்.

“என்ன மதினி, அந்தம்மா எதுக்கு இந்தக் கத்து கத்துது?”

அந்தக் கேள்விக்கு நான் பதில் சொல்லியிருக்க வேண்டும். அதை விட்டுவிட்டு, மகளின் கன்னத்தில் ஓங்கி ஓர் அறை விட்டேன்.

“எவ்வளவு தூரம் போற? சொன்ன எடத்துல நிக்க மாட்டியா?”

“நான் போகலம்மா” என்றாள். பல் அடித்துக்கொண்டது. “நான் நின்ன எடத்துலதான் நின்னேன். அதுவா கொண்டு போச்சு.”

“வாய மூடு.”

அவள் மூடிக்கொண்டாள்.

கணவருக்கு அப்போதுதான் விஷயம் விளங்கியது. அதாவது, நான் விளக்கியபடி விளங்கியது. பிள்ளை வீம்புக்கு ஆழத்துக்குப் போயிருக்கிறது, அம்மா கண்டித்துவிட்டாள். “விடுட்டி, வந்துட்டால்ல” என்று என் கையைப் பிடித்தார். பிறகு மகளின் தலையைத் துண்டால் துவட்டிக்கொண்டே, “மக்கா, நேரா இலங்கைக்கே போயிருவியோன்னு பாத்தேன். பாஸ்போர்ட் இல்லாம விட மாட்டான்” என்றார். நாத்தனார் சிரித்தாள். குழந்தை எதற்கென்று தெரியாமல் சிரித்தது. நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பு என் முகத்தில் எப்படி இருந்தது என்று மகள் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அவர்கள் பாய்க்குத் திரும்பிய பிறகு கருவாட்டம்மா என் அருகில் வந்தார். ஓடிய களைப்பில் மார்பு ஏறி இறங்கியது. கோபம் இல்லை.

“பிள்ளைய ஏன் தாயி அடிச்சிய? பிள்ள என்ன செய்யும்?” என்றார். பிறகு கடலைக் காட்டினார். “இம்புட்டு அலை கரைக்கு வருதுல்லா, வந்த தண்ணி திரும்பிப் போக வேண்டாமா? அது போற வழி இது. அதான் இதுல அலை நிக்காது. எங்க பிள்ளையள இதுல கால் நனைக்க விட மாட்டோம்.”

நான் முதலில் செய்தது என்ன தெரியுமா? பாயின் பக்கம் திரும்பி, யார் காதிலாவது விழுந்ததா என்று பார்த்தேன். விழவில்லை. மனது ஒரு நொடி லேசானது. அந்த லேசு இன்றுவரை என்னை அரிக்கிறது. அந்த அம்மாவுக்கு ஒரு நன்றிகூட நான் வாய்விட்டுச் சொல்லவில்லை. சொன்னால் எதற்கு என்று மற்றவர்கள் கேட்பார்கள்.

அதற்குப் பிறகு அந்த நாள், எல்லாச் சுற்றுலா நாளையும் போலவே நடந்தது. புளிச்சோறும் உருளைக்கிழங்கு வறுவலும் சாப்பிட்டோம். குழந்தை மணலில் கோயில் கட்டியது. கணவர் துண்டை முகத்தில் போட்டுக்கொண்டு அரைமணி நேரம் தூங்கினார். நான் மகளின் தட்டில் இன்னொரு முட்டை வைத்தேன். அவள் அதைக் குழந்தைக்குக் கொடுத்துவிட்டாள். திரும்பும் வழியில் பாளையங்கோட்டை தாண்டி டீக்கு நிறுத்தியபோது அவள் வேனை விட்டு இறங்கவில்லை. ஜன்னலில் தலையைச் சாய்த்து உட்கார்ந்திருந்தாள். முடி உப்பில் பிரிபிரியாக ஒட்டிக்கிடந்தது.

“இலங்கைக்காரிக்குக் கோவம் இன்னும் தீரல போல” என்றார் கணவர்.

அந்தப் பெயர் அங்கேதான் ஒட்டியது. மறுநாள் கடைக்கு வந்தவர்களிடம் கதையைச் சொன்னார். அவர் கெட்ட மனிதர் இல்லை. மகளைப் பற்றிப் பேச ஒரு சாக்கு கிடைத்தால் விடமாட்டார், அவ்வளவுதான். எங்கள் ஊர்க் கோயிலின் ஆடித்தபசுத் திருவிழாவுக்கு வந்த சொந்தக்காரர்கள் எல்லாரும் வாசலிலேயே, “எங்க இலங்கைக்காரி?” என்று கேட்டார்கள். புளியங்குடியில் ஒரு கல்யாண வீட்டில், முன்பின் தெரியாத ஒரு மாமா, “நீதானா அந்தக் கடல்ல குதிச்ச பிள்ள? அம்மா பேச்சக் கேக்கணும் மக்கா” என்று புத்திமதி சொன்னார். அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் யாருடைய புடவையைப் பற்றியோ பேசத் தொடங்கினேன்.

முதலில் சில நாள் அவள் மறுத்துப் பார்த்தாள். “நான் போகல மாமா, அதுவா இழுத்துச்சு.” அதற்கும் சிரிப்பு. “ஆமா, கடலு கையப் புடிச்சுக் கூட்டிட்டுப் போச்சு!” பிறகு அவள் மறுப்பதை நிறுத்தினாள். என் அப்பாவின் தோட்டத்துக்குப் போகலாம் என்று நான் இரண்டு முறை கூப்பிட்டபோது வரவில்லை. நீச்சல் உடுப்பாக வைத்திருந்த பழைய பனியனும் கால்சட்டையும் ஒரு நாள் தரை துடைக்கிற துணிகளோடு கிடந்தன.

நான் சும்மா இருக்கவில்லை. சொல்வதைத் தவிர மற்ற எல்லாம் செய்தேன். பள்ளிக்கூடத்துக்குத் தனியாக சைக்கிளில் போக வேண்டாம் என்றேன். மொட்டை மாடியில் ஓரமாக நிற்காதே என்றேன். அவள் குளியலறையில் கொஞ்சம் நேரமானால் கதவைத் தட்டினேன். “நான் என்ன செஞ்சேன்னு இப்படிப் பண்ணுத?” என்று ஒரு நாள் கத்தினாள். அவள் எதுவும் செய்யவில்லை.

ஒரு நாள் காலை மொட்டை மாடியைக் கழுவினேன். வாளி வாளியாகத் தண்ணீரை ஓங்கி ஊற்றினால், அது அலை போலப் போய்க் கைப்பிடிச் சுவரில் மோதுகிறது. நுரைக்கிறது, சத்தம் போடுகிறது, திரும்புகிறது. திரும்பிய தண்ணீர் எல்லாம் ஒரு வரிசையில் சேர்ந்து, சத்தமே இல்லாமல், மூலையில் இருக்கிற குழாய் ஓட்டையைப் பார்த்து ஓடுகிறது. அந்த வரிசையில் மட்டும் நுரை இல்லை. நாலைந்து வேப்பிலைகளைப் போட்டேன். நுரையில் கிடந்த இலைகள் நின்ற இடத்திலேயே ஆடிக்கொண்டிருந்தன. அமைதியான தண்ணீரில் போட்ட இலை நேராக ஓட்டைக்குப் போய்விட்டது. இயற்பியல் படித்தவள், தெருப்பிள்ளைகளுக்குச் சாயங்காலம் ட்யூஷன் எடுக்கிறவள், விளக்குமாற்றைப் பிடித்துக்கொண்டு அந்த ஓட்டையைப் பார்த்தபடி வெயில் ஏறும்வரை உட்கார்ந்திருந்தேன்.

காலாண்டு விடுமுறை வந்தது. ஒரு மத்தியானம் நாத்தனார், கையில் ஃபோனோடு வந்தாள். கணவர் சாப்பிட வந்திருந்தார். மகள் உள்ளறையில் பள்ளிக்கூட உடுப்புகளை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

“மதினி, ஞாயித்துக்கெழமைக்கு வேன் பேசியாச்சு. எங்க தெருல மூணு வீட்டுக்காரங்க, பிள்ளையளே ஏழு பேரு. கடலுக்குப் போறோம்.”

“எந்தக் கடலுக்கு?”

“அதான், நீங்க காட்டுன எடம். அலையே இல்லாம கெடந்துச்சே. எல்லாம் சின்னப் பிள்ளைய, அதுகளுக்கு அதுதான் சரி. எங்க மதினி கிணத்துலயே பொறந்தவ, அவ பாத்து வச்ச எடம்னு எல்லார்ட்டயும் சொல்லிட்டேன்.” ஃபோனை நீட்டினாள். கணவர் அன்று எடுத்த அதே படம். யாருக்கோ அனுப்புவதற்காக, அந்த அமைதியான தண்ணீரைச் சுற்றி விரலால் சிவப்பு வட்டம் போட்டிருந்தாள்.

“போயிட்டு வாங்க” என்றார் கணவர், ரசத்தைப் பிசைந்துகொண்டே. “ஆனா எங்க இலங்கைக்காரிய மட்டும் அனுப்ப மாட்டேம்ப்பா. அவளப் புடிக்கக் கப்பல் விடணும்.”

உள்ளறையில் இஸ்திரிப் பெட்டியின் சத்தம் நின்றது.

அந்த நேரத்திலும் நான் முதலில் சுற்றித்தான் போனேன். “அங்க வேண்டாம். ரோடு மோசம்” என்றேன்.

“அத டிரைவர் பாத்துக்கிடுவாரு.”

“சாப்பாட்டுக் கட ஒண்ணும் கெடையாது.”

“கட்டிட்டுத்தான மதினி போறோம்?”

நான் அந்தச் சிவப்பு வட்டத்தைப் பார்த்தேன். ஏழு பிள்ளைகளில் மூன்று பேர் அந்தத் தெருவிலிருந்து என்னிடம் ட்யூஷனுக்கு வருபவர்கள். ஒருத்திக்கு முன்பல் இரண்டும் விழுந்து இப்போதுதான் முளைக்கிறது.

“அங்க போகக் கூடாது” என்றேன். “அது எடம் இல்ல, பாதை. கரைக்கு வந்த தண்ணி கடலுக்குத் திரும்பிப் போற பாதை. அதனாலதான் அதுல அலை இல்ல. அது தெரியாம நான் இவள அதுல எறக்கி விட்டேன்.”

“என்ன மதினி சொல்லுதிய?”

“இவ போகல. இவ சொன்னது நெசம். அதுதான் கொண்டு போச்சு. இவ கரைக்கு வரத்தான் நீந்துனா. அந்தக் கருவாட்டம்மா முதல்லயே எறங்காதியன்னு சொன்னா, மீனுக்காகச் சொல்லுதான்னு நான் கேக்கல. கடைசில அவ கத்தித்தான் இவ பொழைச்சா. நீங்க ரெண்டு பேரும் கை தட்டிக்கிட்டு நின்னிய.”

நாத்தனார் உட்கார்ந்துவிட்டாள். மடியில் கிடந்த ஃபோனில் படம் தெரிந்தபடியே இருந்தது. கணவரின் கை சோற்றில் நின்றுவிட்டது. அவர் அந்த நாளைத் திரும்ப ஒரு முறை பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று முகத்தில் தெரிந்தது. தான் சிரித்த இடத்துக்கு வந்ததும் முகம் மாறியது.

“அன்னைக்கே ஏன்ட்டி சொல்லல?” என்றார்.

“தண்ணின்னா என்னத்தான கேப்பிய எல்லாரும். நான் காட்டுன எடத்துல எம் பிள்ள உயிரு போகப் பாத்துச்சுன்னு எப்படிச் சொல்ல?”

மகள் வாசற்படியில் வந்து நின்றாள். கையில் பாதி மடித்த சட்டை.

“ஒனக்கு எப்பம்மா தெரியும்?”

“கரையிலயே தெரியும்.”

“என்ன அடிக்கதுக்கு முந்தியா, பெறகா?”

பொய் சொல்ல இடம் இருந்தது. பிந்தி என்று சொல்லியிருந்தால் எல்லாருக்கும் எளிதாக இருந்திருக்கும்.

“முந்தி” என்றேன். “தண்ணிக்குள்ள எறங்குனப்பவே தெரிஞ்சுபோச்சு. பயத்துல அடிச்சேன். எந் தப்புன்னு யாருக்கும் தெரிஞ்சிரக் கூடாதுன்னும்தான் அடிச்சேன்.”

அவள் சட்டையை முழுதாக மடித்தாள். நாற்காலியின் மேல் வைத்தாள். பிறகு நாத்தனாரின் மடியிலிருந்து ஃபோனை எடுத்து, அந்தச் சிவப்பு வட்டத்தின் மேல் பெரிதாக ஒரு பெருக்கல் குறி போட்டாள். பக்கத்து அலைகளைப் பார்த்து இரண்டு அம்பு போட்டாள். கீழே என்னவோ தட்டச்சு செய்து அனுப்பினாள். குடும்பக் குழுவிலிருந்து என் ஃபோனும் கணவரின் ஃபோனும் ஒரே நேரத்தில் ஒலித்தன. ‘அலை இல்லாத இடத்தில் இறங்காதீர்கள். இழுத்தால் கரையைப் பார்த்து நீந்தக் கூடாது. பக்கவாட்டில் போக வேண்டும். நான் போகவில்லை, அதுதான் இழுத்தது.’ கடைசி வரியை எல்லாரும் படித்தார்களா என்று உறுதி செய்துகொள்வது போல எங்கள் மூன்று பேரின் முகத்தையும் பார்த்தாள். பிறகு உள்ளே போய்விட்டாள். இஸ்திரிப் பெட்டி மறுபடி நகரும் சத்தம் கேட்டது.

வேன் ஞாயிற்றுக்கிழமை போனது; வேறொரு கடற்கரைக்கு. நாத்தனார் இறங்கியதும் முதல் வேலையாக, வலை சரிபார்த்துக்கொண்டிருந்த ஒருவரிடம் போய், “அண்ணாச்சி, எங்கன கால் நனைக்கலாம்?” என்று கேட்டாளாம். அவர் எழுந்து வந்து காட்டிவிட்டு, பிள்ளைகள் கரையேறும்வரை அங்கேயே நின்றாராம். இதைச் சொல்லும்போது அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை. தண்ணீர் விஷயத்தில் இனி என்னைக் கேட்க மாட்டாள் என்று புரிந்தது. அதுவும் நியாயம்தான்.

மகள் நாலு நாள் என்னோடு பேசவில்லை. வேண்டியதை மட்டும் அப்பாவிடம் சொல்லி என்னிடம் கேட்கச் சொன்னாள். நான் கதவைத் தட்டுவதை நிறுத்தினேன். குளியலறையில் தண்ணீர் சத்தம் நின்றால் சமையலறையில் நான் எண்ணத் தொடங்குவேன். அதை இன்னும் நிறுத்த முடியவில்லை. நூறு தாண்டினால் மறுபடி ஒன்றிலிருந்து தொடங்குகிறேன். ஆனால் இடத்தை விட்டு எழுந்திருப்பதில்லை.

ஐந்தாம் நாள் காலையில் அவளும் கணவரும் சாப்பிட உட்கார்ந்தார்கள். நான் உள்ளே தோசை வார்த்துக்கொண்டிருந்தேன். கணவர் பழக்கதோஷத்தில், “ஏட்டி இலங்...” என்று தொடங்கிப் பாதியில் விழுங்கிவிட்டார். நான் கரண்டியைப் பிடித்தபடி நின்றேன்.

“ஏன் நிறுத்திட்டிய?” என்றாள் மகள்.

“இல்ல மக்கா. தெரியாம வந்துட்டு. இனிமே சொல்ல மாட்டேன்.”

“சொல்லுங்க. ஆனா என்னச் சொல்லாதிய.” தட்டை நகர்த்துகிற சத்தம். பிறகு குரலை உயர்த்தி, சமையலறையைப் பார்த்து, நாலு மாதமாக ஊரே அவளைக் கூப்பிட்ட அதே ராகத்தில் கூப்பிட்டாள்.

“ஏ இலங்கைக்காரி! எனக்கு இன்னொரு தோசை.”

கணவருக்குப் புரையேறிவிட்டது. எனக்குக் கல்லில் கிடந்த தோசை கண்ணுக்குத் தெரியவில்லை. அது கருகுகிற வாசனை வந்த பிறகுதான் திருப்பினேன்.

“வாரேன்” என்றேன்.